வழக்கும் வழுவும்: இலங்கைக் கிரிக்கெட்டின் ஆட்டநடை



மொழி வளர்ச்சிக்கென அமைந்த அவையில் ஒரு விளையாட்டைப் பற்றிப் பேசப் புகுவது பொருந்துமா என்று சிலர் எண்ணக்கூடும். விதி ஒன்றாயிருக்க, அது வழங்கும் முறை ஊருக்கு ஊர் ஏன் வேறுபடுகிறது என்பது மொழியியலின் தலையாய வினாக்களுள் ஒன்று. அவ்வினாவைக் கிரிக்கெட்டைப் போல் வெளிப்படையாக முன்வைக்கும் விளையாட்டு வேறொன்று இருப்பதாக எமக்குத் தோன்றவில்லை. ஆங்கிலேயர் வகுத்த ஒரே விதித்தொகுப்பின்படிதான் மேற்கிந்தியத் தீவினரும் பாகிஸ்தானியரும் இலங்கையரும் ஆடுகின்றனர். ஆயினும் சீருடையின் நிறத்தை மறந்து சிறிது நேரம் பார்த்தாலே ஆடுவோர் எந்நாட்டார் என்று பழகிய கண்ணினர் பெரும்பாலும் சொல்லிவிடுவர். ஒருவரது பேச்சைக் கேட்ட மாத்திரத்தில் அவர் யாழ்ப்பாணத்தவரா, நெல்லைச் சீமையாரா என்று நாம் உணர்வதைப் போன்றதே இது.

அவ்வாறு அடையாளம் காட்டும் தன்மையை 'ஆட்டநடை' என இவ்வுரையில் வழங்குவோம். ஆட்டநடை ஒரு வழக்கு. நிலமும் கருவியும் தேவையும் சேர்ந்து உண்டாக்குவது. விதியை ஆள்வோர் தமக்குப் பழகாத வழக்கைச் சிலவேளை பிழையென்று கொண்டுவிடுவர். இவ்விரண்டையும் விளக்க இலங்கையை எடுத்துக்கொள்கிறோம்.

முதலில் பெயரைப் பார்ப்போம். தமிழ்நாட்டில் 'பேட்' என்பதற்கு மட்டை என்பது வழக்கு, ஆடுபவர் மட்டையாளர். இலங்கைத் தமிழில் அது துடுப்பு. ஆடுபவர் துடுப்பாட்ட வீரர். விளையாட்டையே துடுப்பாட்டம் என்று எழுதுவோரும் உளர். தென்னையின் மட்டையை வெட்டிக் கைப்பிடி செதுக்கி ஆடிய சிறுவர் கூட்டத்தை அறிந்தவர்க்கு முதற்சொல்லின் பொருத்தம் விளங்கும். துடுப்போ தோணி செலுத்தும் கருவி. நீண்ட பிடியும் தட்டையான அலகும் உடைய ஒரு பொருளைக் கண்டபோது ஒரு கரையினர்க்குத் தோப்பும் மறு கரையினர்க்குக் கடலும் நினைவில் எழுந்தன போலும். 'விக்கெட்' என்பதைத் தமிழ்நாட்டு நாளேடுகள் அப்படியே எழுத, இலங்கை நாளேடுகள் இலக்கு என்கின்றன. 'ரன்' அங்கே ஓட்டம். 'ஃபீல்டிங்' களத்தடுப்பு. தமிழாக்கத்தில் இலங்கையர் காட்டிய துணிவு பாராட்டத்தக்கது என்பது எமது கருத்து; மறுப்போர் மறுக்கலாம்.

கிரிக்கெட்டின் விதிகள் 1744ஆம் ஆண்டிலேயே எழுத்து வடிவம் பெற்றுவிட்டன. இலண்டனின் மேரிலபோன் கிரிக்கெட் கழகம் 1788 முதல் அவற்றைப் பேணி வருகிறது. ஆடுதளம் 22 கெஜம் நீளமுடையது, பந்து இன்ன எடையினது, இவ்விவ்வாறு ஆட்டமிழப்பு நேரும் என்றெல்லாம் அவ்விதிகள் கூறும். மட்டையை எந்தக் கோணத்தில் பிடிப்பது, பந்தை எந்த விரலால் சுழற்றுவது என்று அவை கூறா. அங்கேதான் நடை பிறக்கிறது. ஆங்கிலப் பள்ளிகளின் பயிற்றுநர்களோ விதி சொல்லாததையும் விதியாக்கினர். இடது முழங்கை உயர்ந்திருக்க வேண்டும், மட்டை நேராக இறங்க வேண்டும், பந்தின் வழிக்குக் கால் முன்செல்ல வேண்டும் என்பன விளையாட்டின் இலக்கணமாகவே கருதப்பட்டன. ஒரு வட்டாரத்தின் உயர்குடிப் பேச்சு பொதுமொழியாக உயர்த்தப்பட்டு, ஏனையவை கொச்சை எனப்படும் கதையை மொழி வரலாற்றில் நாம் பலமுறை கண்டிருக்கிறோம்.

கொச்சை என்று ஒதுக்குவதற்கு மறுபுறமாக, மாயம் என்று வியக்கும் வழக்கமும் இருந்தது. நவாநகர் இளவரசர் ரஞ்சித்சிங்ஜி 1896இல் இங்கிலாந்து அணிக்காக ஆடியபோது, உடலை நோக்கி வரும் பந்தை மணிக்கட்டின் சிறு திருப்பத்தால் காற்புறம் வழியனுப்பும் அவரது அடியைக் கீழைநாட்டு மாயவித்தை என்றே ஆங்கில எழுத்தாளர் போற்றினர். கேம்பிரிட்ஜில் பயிற்சி பெற்ற நாளில், வேகப்பந்துக்கு அஞ்சிப் பின்வாங்கும் அவரது வலக்காலைத் தரையோடு பிணைத்துவைத்தனர் என்றும், நகர வழியின்றி அவர் கண்ட உத்தியே அது என்றும் சொல்லப்படுவதுண்டு. அது மெய்யாயின், அந்த மாயத்தின் பிறப்பிடம் கேம்பிரிட்ஜின் பயிற்சி வலைதான்.

தமிழ் மரபில் வந்தவர்க்கு இதனை ஆராயத் தக்க கருவி முன்னரே உண்டு. தொல்காப்பியம் பாடற்பொருளை முதல், கரு, உரி என மூன்றாகப் பகுக்கும். நிலமும் பொழுதும் முதல். அந்நிலத்துக்குரிய மரமும் விலங்கும் தொழிலும் கரு. அங்கு வாழ்வாரின் ஒழுக்கம் உரி. ஒழுக்கத்தை நிலத்தோடு சேர்த்துக் காணும் இப்பார்வை ஆட்டநடைக்கும் ஏற்றது. ஆடுதளமும் பருவமும் முதலாகும். பந்தும் மட்டையும், அவை இல்லாதபோது அவற்றின் இடத்தை நிரப்பும் பொருள்களும் கருவாகும். நடை அவற்றின்வழி வருவது.

இலங்கையின் தென்கரையில் காலி நகருக்கு அருகிலுள்ள ரத்கமவில் வளர்ந்த லசித் மாலிங்கவைக் கருதுங்கள். இளமையில் அவர் ஆடியது கடற்கரை மணலில், மென்பந்தைக் கொண்டு. இலேசான அப்பந்து மணலில் எழும்பாது. பந்து தரையில் படாமலே மட்டையின் அடியை நோக்கிச் செல்ல வேண்டும், வேகமும் வேண்டும். ஆகவே கையைத் தோளுக்குப் பக்கவாட்டில் தாழ்த்திக் கவண் எறிவதைப் போலச் சுழற்றினார். அக்கை பின்னர் கடினப்பந்தைப் பிடித்தபோது, நடுவரின் உடல் மறைப்பிலிருந்து புறப்படும் பந்தைக் கண்டறிய இயலாது உலகத்தின் சிறந்த வீரர்கள் தடுமாறினர். 2007ஆம் ஆண்டு உலகக் கிண்ணப் போட்டியில், கயானாவில், தென்னாப்பிரிக்காவின் 4 இலக்குகளை அடுத்தடுத்த 4 பந்துகளில் வீழ்த்தினார். பயிற்சி நூல் எதிலும் அவ்வீச்சு இல்லை. நல்லவேளையாக, அவரைத் திருத்த முனைந்தோர் வெற்றி பெறவில்லை.

அஜந்த மெண்டிஸ் 2008இல் கராச்சியில் நடந்த ஆசியக் கிண்ண இறுதியாட்டத்தில் இந்தியாவுக்கு எதிராக 13 ஓட்டங்கள் கொடுத்து 6 இலக்குகளை வீழ்த்தினார். நடுவிரலைக் கட்டைவிரலோடு அழுத்தி, கேரம் காயைச் சுண்டுவதைப் போலப் பந்தைச் சுண்டியதால் அதற்குக் 'கேரம் பந்து' என்று பெயராயிற்று. விரலை மடக்கிச் சுண்டும் முறையை ஆஸ்திரேலியரான ஜாக் ஐவர்சன் 1950களின் தொடக்கத்திலேயே கையாண்டிருக்கிறார். ஆஸ்திரேலியாவில் அது ஒரு தனிமனிதரின் விந்தைப் பழக்கமாகவே நின்றது. வீட்டுக்கு வீடு கேரம் பலகை இருந்த தென்னாசியாவுக்கு வந்ததும், அனைவரும் அறிந்த ஒரு விரல்வினையின் பெயர் கிட்டியது. சென்னைத் தெருக்களில் மென்பந்தில் ஆடுவோரிடையே இதே வீச்சு 'சொடக்குப் பந்து' என வழங்கியது. ரவிச்சந்திரன் அஸ்வின் அதனைத் தெருவாட்டத்தில்தான் அறிந்துகொண்டார். மூன்று இடங்களில் தோன்றிய ஒரே செயல், பெயர் பெற்ற இடத்தில் பண்பாட்டுச் சொத்தாகிறது. சொடக்கு என்னும் நல்ல தமிழ்ச்சொல் வருணனையாளர் வாயில் இன்னும் மிகுதியாக வழங்கலாம்.

இவ்விடத்தில் ஓர் எச்சரிக்கையும் தேவை. நாட்டுநடை பற்றிய கதைகள் ஆட்டப் புள்ளிகளோடு எப்போதும் ஒத்துப்போவதில்லை. 1996ஆம் ஆண்டு இலங்கை உலகக் கிண்ணத்தை வென்றதற்குக் காரணமாக அனைவரும் கூறுவது சனத் ஜயசூரியவும் ரொமேஷ் களுவிதாரணவும் தொடக்கத்திலேயே நிகழ்த்திய அதிரடியை. முதல் 15 நிறைவுகளில் வட்டத்துக்கு வெளியே இருவர் மட்டுமே களத்தடுப்பில் நிற்கலாம் என்ற விதியை அவர்கள் முழுமையாகப் பயன்படுத்தியது உண்மை. தில்லியில் இந்தியாவுக்கு எதிராக 3 நிறைவுகளில் 42 ஓட்டங்கள் குவித்ததும் உண்மை. ஆனால் கொல்கத்தாவில் நடந்த அரையிறுதியில் இருவரும் முதல் நிறைவிலேயே ஆட்டமிழந்தனர். லாகூரில் மார்ச் 17 அன்று நடந்த இறுதியாட்டத்திலும் 23 ஓட்டங்களுக்குள் இருவரையும் இலங்கை இழந்தது. ஆஸ்திரேலியாவின் 241 ஓட்டங்களைக் கடந்து கிண்ணத்தை வென்று தந்தவை அரவிந்த டி சில்வாவின் ஆட்டமிழக்காத 107 ஓட்டங்களும், அசங்க குருசிங்கவின் 65 ஓட்டங்களும், தலைவர் அர்ஜுன ரணதுங்கவின் நிதானமும். பழைய இலக்கணத்தில் பிழையற எழுதப்பட்ட ஆட்டம் அது. தொடக்க அதிரடியும் இலங்கையின் தனிக் கண்டுபிடிப்பு அன்று. நியூசிலாந்தின் மார்க் கிரேட்பேட்ச் 1992 உலகக் கிண்ணத்தில் அதனைச் செய்தார். சென்னையின் கிருஷ்ணமாச்சாரி ஸ்ரீகாந்த் 1980களிலேயே அவ்வாறுதான் ஆடினார். தாய்மொழியின் தனிச்சிறப்பென நாம் போற்றும் சொல் அயல்மொழியிலிருந்து வந்ததாக இருப்பதுண்டு. அதனால் அச்சொல் நம்முடையதாகாமல் போய்விடுவதும் இல்லை.

இனி, இவ்வுரையின் நடுப்பொருளுக்கு வருவோம். தமிழ் இலக்கணம் மொழிப்பயன்பாட்டை வழாநிலை, வழு, வழுவமைதி என மூன்றாகக் காணும். விதிப்படி நிற்பது வழாநிலை; விதியின் வழுவியது வழு; வழுவியதேயாயினும் தக்க காரணம் பற்றிச் சான்றோர் ஏற்றுக்கொண்டது வழுவமைதி. கண்டியில் மலையகத் தமிழ்க் குடும்பமொன்றில் 1972இல் பிறந்த முத்தையா முரளிதரனின் வலக்கை, ஏறத்தாழப் பத்தாண்டு காலம் இம்மூன்றுக்கும் இடையில் அலைக்கழிக்கப்பட்டது.

கிரிக்கெட்டில் பந்தை வீச வேண்டும், எறிதல் கூடாது. தமிழில் இவ்விரு வினைகளையும் பொதுப்பேச்சில் மாற்றி வழங்குகிறோம். ஆட்டத்தில் அவை வேறுபட்ட சொற்கள். முழங்கை மடங்கி, பந்து கைவிடும் முன் நிமிர்ந்தால் அது எறிதல். முரளிதரனின் முழங்கை பிறவியிலேயே முழுதாக நிமிராதது. மணிக்கட்டு வழக்கத்துக்கு மாறாக நெகிழ்வுடையது, தோள் மிக விரைந்து சுழல்வது. இம்மூன்றும் சேர்ந்து காண்போர் கண்ணுக்கு எறிதல் போன்றதொரு தோற்றத்தை உண்டாக்கின.

1995 டிசம்பர் 26 அன்று மெல்போர்ன் மைதானத்தில் ஆஸ்திரேலிய நடுவர் டாரல் ஹேர், முரளிதரன் எறிகிறார் எனக் கூறி 7 முறை முறையற்ற பந்து என்று அறிவித்தார். அணித்தலைவர் ரணதுங்க அவரை மறுமுனைக்கு மாற்றினார். அங்கே நின்ற நியூசிலாந்து நடுவர் ஸ்டீவ் டன், அதே கையின் அதே வீச்சில் எக்குறையும் காணவில்லை. ஒரே நாளில், ஒரே ஆடுதளத்தில், ஒரு முனையில் வழுவாகவும் மறுமுனையில் வழாநிலையாகவும் ஒரு செயல் நின்றது. மாணவர்கள் இதனை மனத்திற் கொள்வது நலம். கேட்பவர் மாறத் தீர்ப்பும் மாறுமாயின், பிழை சொல்லில்தான் இருக்கிறது என்று உறுதிகூற முடியாது.

தொடர்ந்து பல ஆய்வுகள் நடந்தன. மேற்கு ஆஸ்திரேலியப் பல்கலைக்கழகத்தில் அவரது கை அளக்கப்பட்டது. 2004இல் முழங்கை நிமிர இயலாதபடி உறுதியான கவசம் பூட்டிக்கொண்டு தொலைக்காட்சிக் கருவிகளின் முன் வீசிக் காட்டினார். பந்து முன்போலவே சுழன்றது. இதற்கிடையே வேறொரு செய்தி வெளிப்பட்டது. நுண்கருவிகளைக் கொண்டு அளந்தபோது, எவ்வித ஐயத்துக்கும் ஆளாகாத, நூலில் உள்ளவாறே வீசுவதாக நம்பப்பட்ட பந்துவீச்சாளருள்ளும் பெரும்பாலோரின் முழங்கை ஓரளவு நிமிர்கிறது என்று தெரியவந்தது. எல்லாரும் செய்தனர், ஒருவருடையது மட்டும் கண்ணை உறுத்தியது. 2005 முதல், 15 பாகை வரை முழங்கை நிமிரலாம் என்று அனைத்து வீச்சாளர்க்கும் பொதுவான வரம்பைப் பன்னாட்டுக் கிரிக்கெட் அவை நடைமுறைப்படுத்தியது. முரளிதரனுக்காக விதி வளைக்கப்பட்டது என்று கூறுவோர் இன்றும் உளர். நாம் அவ்வாறு கருதவில்லை. வழக்கை அளந்து பார்த்த பின்னரே இலக்கணம் எழுத வேண்டும் என்பது நம் துறையின் பாலபாடம். இங்கே அளக்கும் முன்பே இலக்கணம் இருந்தது, அளந்த பின் அது திருத்தப்பட்டது.

அவர் வீசிய பந்து வகைகளுள் ஒன்றின் பெயர் 'தூஸ்ரா'. இந்தி, உருது மொழிகளில் 'மற்றது' என்று பொருள். பாகிஸ்தானின் சக்லைன் முஷ்டாக் அதனைப் புகழ்பெறச் செய்தார். உள்ளே திரும்ப வேண்டியது வெளியே திரும்பும். ஆங்கிலம் அச்சொல்லை அகராதியிலேயே சேர்த்துக்கொண்டது. விளையாட்டைத் தந்த மொழி, அவ்விளையாட்டுக்கான சொல்லொன்றைக் குடியேற்ற நாட்டிடமிருந்து கடன் பெற்றதை எண்ணுகையில் சிறிது மகிழாமல் இருக்க முடியவில்லை.

நாட்டின் பண்பாட்டில் கிரிக்கெட்டின் இடம் பற்றி இனிக் கூற வேண்டும். இது எளிதில் பேசக்கூடியதன்று. கொழும்பின் பழைய விளையாட்டுக் கழகங்களின் பெயர்களை வாசித்தாலே தீவின் இனப் பட்டியல் கிடைத்துவிடும்: சிங்கள விளையாட்டுக் கழகம், தமிழ் யூனியன், சோனகர் விளையாட்டுக் கழகம், பறங்கியர் பொழுதுபோக்குக் கழகம். இன்ன வகையினர் எனச் சொல்லவியலாதோர் என்று பொருள்படும் பெயரைச் சூட்டிக்கொண்ட கழகமும் ஒன்றுண்டு. தனித்தனியே கூடி ஒன்றாக ஆடினர். இலங்கையின் முதல் டெஸ்ட் ஆட்டம் 1982 பிப்ரவரியில் இங்கிலாந்துக்கு எதிராக நடந்தது தமிழ் யூனியனின் மைதானத்தில்தான். முரளிதரன் ஆடிய கழகமும் அதுவே. வடக்கே யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியும் பரியோவான் கல்லூரியும் 1904 முதல் மோதும் ஆட்டத்துக்கு 'வடக்கின் பெரும்போர்' என்று பெயர். மெய்யான போர் வந்த ஆண்டுகளில் இடையிடையே அது தடைப்பட்டது.

சுதந்திரம் பெற்ற ஆண்டாகிய 1948இலேயே இலங்கை இயற்றிய குடியுரிமைச் சட்டம், தேயிலைத் தோட்டங்களை உருவாக்கிய மலையகத் தமிழருள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. அம்மக்களின் வழிவந்த ஒருவரை அந்நாடே தன் பெருமையின் முகமாகப் பின்னர் ஏற்றது. 2010 ஜூலையில் காலி மைதானத்தில், தம் இறுதி டெஸ்ட் ஆட்டத்தில் தாம் வீசிய கடைசிப் பந்தில் அவர் 800ஆம் இலக்கை வீழ்த்தியபோது தீவின் பெரும்பகுதி கொண்டாடியது. அதற்கு ஓராண்டு முன்னர்தான் போர் முடிந்திருந்தது. இழப்புகளோடு நின்ற தமிழர் பலரால் அக்கொண்டாட்டத்தில் சேர இயலவில்லை. 2020இல் அவரது வாழ்க்கைப் படத்தில் நடிக்க ஒப்புக்கொண்டிருந்த விஜய் சேதுபதி, தமிழ்நாட்டில் எழுந்த எதிர்ப்பின் பின் விலகினார். முரளிதரனே அவ்வாறு கேட்டுக்கொண்டார். படம் 2023இல் வேறு நடிகரைக் கொண்டு வெளிவந்தது. ஒரே மனிதர் ஓரிடத்தில் ஒற்றுமையின் சின்னமாகவும், மற்றோரிடத்தில் உடன்பாட்டின் சின்னமாகவும் வாசிக்கப்பட்டார். இரண்டு வாசிப்புக்கும் காரணம் உண்டு. விளையாட்டு நாட்டின் புண்ணை ஆற்றியது என்று மேடைகளில் சொல்லப்படுவதை நாம் ஏற்கவில்லை. சுழலும் பந்திடம் அவ்வளவு எதிர்பார்ப்பது நேர்மையும் அன்று.

நமது மண்ணுக்கும் இவ்வரலாற்றில் ஓர் இழை உண்டு. 1948இல் பிராட்மனின் ஆஸ்திரேலிய அணி கொழும்பில் இறங்கி ஆடியபோது இலங்கை அணிக்குத் தலைமை தாங்கியவர் மகாதேவ சதாசிவம் என்னும் தமிழர். அதற்கு முந்தைய ஆண்டு சென்னைச் சேப்பாக்கத்தில் தென்னிந்திய அணிக்கு எதிராக 215 ஓட்டங்கள் குவித்தவர், நளினத்துக்குப் பேர்பெற்றவர். பின்னர் இங்கு வந்து சிங்கப்பூர் அணிக்கும் மலேசிய அணிக்கும் தலைமை தாங்கினார். மூன்று நாடுகளின் தலைவராக இருந்தவர் என்னும் அரிய சிறப்பு அவருக்குண்டு. ஆயினும் மலேசிய ஆட்டநடை என்றோ சிங்கப்பூர் ஆட்டநடை என்றோ ஒன்று கிரிக்கெட்டில் உருவாகவில்லை. ஆட்டம் இங்கு நெடுங்காலம் பாடாங்கு எனப்பட்ட நகர்த்திடல்களையும் அவற்றின் ஓரத்து மன்றங்களையும் சார்ந்தே இருந்தது. 1957இல் பிரித்தானியக் கொடி இறக்கப்பட்ட கோலாலம்பூர்த் திடலும் கிரிக்கெட் திடலே. கம்பத்துக்கும் தோட்டத்துக்கும் சென்று, அங்குள்ள கருப்பொருளைத் தனதாக்கிக்கொள்ளும் வாய்ப்பு அந்த ஆட்டத்துக்கு இங்கே போதிய அளவு கிட்டவில்லை.

அவ்வாய்ப்பைப் பெற்றது பிரம்புப் பந்து. மலாய்க் கம்பங்களில் வட்டமாக நின்று, பந்து தரையில் விழாது காலால் தட்டிய ஆட்டம் அது. தாய்லாந்திலும் வேறு பெயரில் இருந்தது. வலை கட்டி, விதி எழுதி, பன்னாட்டு ஆட்டமாக்க 1960களில் முயன்றபோது எந்நாட்டுப் பெயரை இடுவது என்று வழக்கெழுந்தது. முடிவில் உதை என்னும் பொருளுடைய 'செப்பாக்' என்பதை மலாயிலிருந்தும், பந்தைக் குறிக்கும் 'தக்ரோ' என்பதைத் தாய்மொழியாகிய சயாமியிலிருந்தும் எடுத்து இணைத்தனர். இன்று ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் அது செப்பாக் தக்ரோ என்னும் அந்த இருமொழித் தொகையாலேயே அழைக்கப்படுகிறது.